மர்கரீத்தாவின் முத்து

பெயர் வைப்பதற்கென்று விற்கும் புத்தகங்களைப் புரட்டினால் மர்கரீத்தா என்ற பெயருக்கு எதிரே ஒரே வரிதான் இருக்கும்: கிரேக்கம், பெண்பால், பொருள் முத்து. இந்த ஒரு வரியில் எதையுமே முழுசாக நம்ப முடியாது. சொல்லின் வேர் கிரேக்கம் அல்ல. கிரேக்கர் வாயில் அந்தச் சொல் முதலில் பெண்பாலாகவும் இல்லை. இன்றைக்கு ஏதென்ஸ் தெருவில் மர்கரீத்தா என்று ஒரு சிறுமியைக் கூப்பிட்டு உன் பெயருக்கு என்ன பொருள் என்று கேட்டால் அவள் முத்தைச் சொல்லமாட்டாள், பூவைச் சொல்வாள்.

இன்றைய கிரேக்க மொழியில் முத்துக்கு மர்கரித்தாரி என்று பெயர். மர்கரீத்தா என்றால் வெள்ளை இதழும் நடுவில் மஞ்சள் பொட்டும் கொண்ட டெய்சிப் பூ. வசந்தம் வந்ததும் சாலை ஓரம், ஆலிவ் தோப்பு, இடிபாடுகளின் இடுக்கு என்று பார்க்கும் இடமெல்லாம் பூத்துக் கிடக்கும். அதைக் கிள்ளி, இதழ் இதழாகப் பிய்த்து, ‘என்னை விரும்புகிறான், விரும்பவில்லை’ என்று எண்ணுவது அங்கே இளசுகளின் பழைய விளையாட்டு. ஒரு முடிவுக்கு வராமல் இழுத்தடிப்பவரைப் பார்த்து ‘மர்கரீத்தா பிய்க்கிறான்’ என்று சொல்கிற வழக்கமும் உண்டு. ஆக, பெயர் பிறந்த ஊர் என்று நாம் நினைக்கும் ஊரிலேயே பொருள் நழுவிப் போயிருக்கிறது.

பூ என்ற இந்தப் பொருளும் உள்ளூர்ச் சரக்கல்ல. முத்துக்கான சொல் லத்தீன் வழியாக மேற்கே போனது. பிரெஞ்சிலும் இத்தாலியிலும், புல்வெளியில் சிதறிக் கிடக்கும் வெள்ளைப் பூவுக்கு அதே சொல்லை வைத்தார்கள். பிறகு பூ என்ற பொருளோடு அது கிரேக்கத்துக்குத் திரும்பி வந்தது. பிறந்த வீட்டிலிருந்து வெள்ளிக் குடம் கொண்டுபோனவள் பித்தளைக் குடத்தோடு திரும்பிய கதை. ஆங்கிலத்தில் மார்கரெட் என்ற பெண்ணை வீட்டில் டெய்சி என்று கூப்பிடுவதும் இந்தப் பிரெஞ்சுப் பூவால்தான். 2024 ஜனவரியில் அரியணையை மகனுக்கு விட்டுக்கொடுத்த டென்மார்க் அரசி இரண்டாம் மார்கிரேத்தாவுக்கும் வீட்டுப் பெயர் டெய்சிதான்.

சரி, முத்துக்கு வருவோம். கிரேக்க எழுத்தில் மர்கரீத்தேஸ் என்ற சொல் நமக்கு முதலில் கிடைப்பது அரிஸ்டாட்டிலின் மாணவர் தியோபிராஸ்தஸ் எழுதிய ‘கற்களைப் பற்றி’ என்ற சிறு நூலில். முத்தை அவர் கல்லோடு கல்லாக வைத்துப் பேசுகிறார். ஒரு வகைச் சிப்பியில் பிறக்கும், பெரிய மீனின் கண் அளவு இருக்கும், விலை உயர்ந்த கழுத்து மாலைகளுக்கு ஆகும், இந்தியப் பகுதியிலும் எரித்திரேயக் கடலின் சில தீவுகளிலும் கிடைக்கும் என்கிறார். காலம் முக்கியம்: அலெக்சாந்தரின் படை கிழக்கே போய்த் திரும்பிய பிறகு எழுதியது இது. அந்தப் படையோடு கடல்வழி போன தாசோஸ் தீவுக்காரர் அந்திரோஸ்தெனெஸ், முத்துச் சிப்பியை உள்ளூர் மக்கள் ‘பெர்பெரி’ என்று சொல்வதாகக் குறித்து வைத்தார். படைவீரர்களும் மாலுமிகளும் பார்த்து வந்த பொருளுக்கு, அவர்கள் காதில் விழுந்த பெயரே ஊருக்குள் வந்திருக்கிறது.

வந்த சொல்லைக் கிரேக்கர் தங்கள் அச்சில் வார்த்தார்கள். கல் வகைகளின் பெயர்களுக்கு அவர்கள் ‘-ஈத்தேஸ்’ என்று ஒரு விகுதி சேர்ப்பது வழக்கம். ரத்த நிறக் கல் ஹைமதீத்தேஸ். தீப்பொறி தரும் கல் பிரீத்தேஸ். அதே வாலை இதற்கும் ஒட்டினார்கள். கல்லைக் குறிக்கும் இத்தகைய சொற்கள் ஆண்பால். எனவே கிரேக்கரின் முத்து ஆண். லத்தீனுக்குப் போனபோதுதான் அது ‘மர்கரீத்தா’ என்று ஆகார ஈற்றோடு பெண்ணானது. பெண்ணுக்குப் பெயராக ஆகிற வடிவத்தைக் கொடுத்தவர்கள் ரோமானியர்.

வால் கிரேக்கம், தலை யாருடையது? பழைய அகராதிக்காரர்கள் சிலர் வடமொழியின் ‘மஞ்சரி’யைக் காட்டினார்கள். பூங்கொத்து என்று நாம் அறிந்த அந்தச் சொல்லுக்கு முத்து என்றும் ஒரு பொருள் உண்டு என்பது அவர்கள் பிடி. ஒலி அளவில் இது இழுத்துக் கட்டிய முடிச்சு. ஈரானிய மொழிகள் பக்கம் சாய்பவர்களுக்குத்தான் கையில் சரக்கு அதிகம். பாரசீகத்தில் முத்து ‘மொர்வாரித்’; இன்றும் ஈரானில் பெண்களுக்கு அந்தப் பெயர் வைக்கிறார்கள். நடு ஆசியாவின் சோக்தியத்தில் ‘மர்கார்த்’. கிரேக்கச் சொல்லுக்கு இவற்றோடு உள்ள ஒற்றுமை தற்செயலாக வந்ததல்ல. சிப்பியில் பிறந்தது என்ற பொருள்தரும் ஒரு பழைய ஈரானியக் கூட்டுச்சொல்லிலிருந்து இவையெல்லாம் கிளைத்தன என்று ஒரு விளக்கம் உண்டு. இந்த விளக்கங்களில் எனக்கு ஏற்புடையது இதுவே. முத்து வணிகம் பாரசீக வளைகுடா வழியாக நடந்ததோடும் இது பொருந்துகிறது.

பெயர்ப் புத்தகங்கள் இதற்கு இன்னொரு பொருளும் தருகின்றன: பாரசீகத்தில் ‘ஒளியின் குழந்தை’ என்று. கேட்க அழகாக இருக்கிறது, அவ்வளவுதான். இரவில் சிப்பி கடல்மேல் வந்து வாய் திறந்து நிலவொளியும் பனித்துளியும் வாங்கிக்கொள்ள, அதுவே முத்தாகிறது என்ற கதையிலிருந்து பிறந்த விளக்கம் இது. சொல்லுக்குள் அப்படி எதுவும் இல்லை. கதை மட்டும் மிகப் பழையது. கி.பி. முதல் நூற்றாண்டில் ரோமானியர் பிளினி, பனித்துளியால் சிப்பி சூல்கொள்வதாகவே எழுதினார். சுவாதி நட்சத்திரத்து மழைத்துளி சிப்பியில் விழுந்தால் முத்து என்று நம் பாட்டிமாரும் சொன்னார்கள். சிப்பியின் சதைக்குள் அயற்பொருள் ஒன்று புகுந்து உறுத்த, அதைச் சுற்றி அது அடுக்கடுக்காகச் சுரந்து பூசிக்கொள்வதே முத்து என்ற செய்தி இந்தக் கதைகளுக்கு முன்னால் கொஞ்சம் சப்பென்று இருப்பது உண்மைதான்.

பெண்ணையும் முத்தையும் சேர்த்துப் பேசும் பழைய கிரேக்கக் கதை ஒன்று நம்மை நிமிர்ந்து உட்கார வைக்கும். சந்திரகுப்த மௌரியரின் அவைக்கு வந்த தூதர் மெகஸ்தனீஸ் எழுதியது, பின்னாளில் அரியன் எடுத்தாண்டதால் பிழைத்தது. ஹெராக்ளீஸுக்கு ஆண்பிள்ளைகள் நிறைய, மகள் ஒருத்திதான். அவள் பெயர் பண்டையா. அவள் பிறந்த நாட்டையே அவளுக்கு ஆளக் கொடுத்து, 500 யானை, 4,000 குதிரை, 1,30,000 காலாள் படையும் தந்தான். நிலமும் கடலும் சுற்றி வந்தவன், பெண்களுக்கு அணியாகும் புதுப் பொருள் ஒன்றைக் கடலில் கண்டான். மகளை அலங்கரிக்க அதை இந்தியாவுக்குச் சேர்த்துக் கொண்டுவரச் செய்தான். அதுதான் முத்து, இந்தியர் மொழியில் அதற்கு மர்கரீத்தேஸ் என்று பெயர் என்கிறார் அரியன். சுத்தமான பொன்னின் எடைக்கு மூன்று மடங்கு விலை என்ற கணக்கும் அங்கேயே வருகிறது.

பண்டையா பாண்டிய நாடுதான், அவள் நம் தடாதகைதான் என்று உடனே கொடி ஏற்றிவிடுகிறவர்கள் உண்டு. பெயரும் முத்தும் பெண்ணரசும் ஒன்றுசேர்வதால் அந்த ஆசை நியாயமானதே. ஆய்வாளர்களிலும் பலர் பாண்டியரைத்தான் நினைக்கிறார்கள். ஆனால் மெகஸ்தனீஸ் இருந்த இடம் பாடலிபுத்திரம். தெற்கைப் பற்றி அவர் கேள்விப்பட்டதுதான். ‘இந்தியர் மொழி’ என்பதும் எந்த மொழி என்று தெரியாத ஒரு பொதுச்சொல். தமிழில் முத்து முத்துதான். மர்கரீத்தேஸுக்கு நாம் உரிமை கொண்டாட இடமில்லை. பொருள் நம் கடலில் கிடைத்தது என்பது வேறு, சொல் நம் நாவில் பிறந்தது என்பது வேறு.

பொருள் கிடைத்ததற்குச் சாட்சி உறுதியானது. கி.பி. முதல் நூற்றாண்டில் பெயர் தெரியாத ஒரு கிரேக்க வணிகர் எழுதிய ‘எரித்திரேயக் கடலின் பெரிப்ளூஸ்’, குமரிக்கு அப்பால் கொல்கோய் என்ற இடத்தில் தண்டனை பெற்ற கைதிகளை வைத்து முத்துக் குளிக்கிறார்கள், அது பாண்டியன் ஆட்சிக்கு உட்பட்டது என்கிறது. கொல்கோய் நம் கொற்கை. அந்த முத்து ரோமாபுரியில் என்ன பாடுபடுத்தியது என்பதைப் பிளினி வயிறெரிந்து எழுதினார். இந்தியாவும் சீனமும் அரேபியாவும் ஆண்டுக்கு 10 கோடி செஸ்டர்ஸ் காசை உறிஞ்சிக்கொள்கின்றன, நம் சொகுசுக்கும் நம் பெண்களுக்கும் இவ்வளவு செலவு என்று கணக்குப் போட்டார். லொல்லியா பவுலினா என்ற சீமாட்டி ஒரு சாதாரண நிச்சயதார்த்த விருந்துக்கு 4 கோடி செஸ்டர்ஸ் பெறுமான முத்தும் மரகதமும் தலை, காது, கழுத்து, விரல் எல்லாம் பூட்டிக்கொண்டு வந்ததைத் தாமே பார்த்ததாகவும் சொல்கிறார்.

இவ்வளவு விலையுள்ள பொருள் செல்லப் பெயராகாமல் இருக்குமா? ஆனது. பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் ரோமானியர் காலத்துக் கல்லறைக் கல் ஒன்று இருக்கிறது. மர்கரீத்தா என்ற பெயருக்காகவே அடிக்கடி பேசப்படுவது. கால் (Gaul) நாட்டில் பிறந்து, காட்டில் வேட்டைக்கு ஓடி, பிறகு எசமானர் மடியிலும் மெத்தையிலும் படுத்துச் சுகம் கண்டவள், பேறுகாலத்தில் செத்துப்போனாள் என்று அந்தக் கல் செய்யுளில் சொல்கிறது. சங்கிலியால் கட்டப்படாதவள், உடம்பில் அடி படாதவள் என்ற பெருமையும் உண்டு. மர்கரீத்தா ஒரு நாய்.

மனிதப் பெண்களுக்குப் பெயர் பரவியது கிறிஸ்தவத்தோடு. விலையுயர்ந்த ஒரு முத்தைக் கண்டு உள்ளதையெல்லாம் விற்று அதை வாங்கிய வணிகனின் உவமை மத்தேயு நற்செய்தியில் இருக்கிறது. சிரியாவின் கிறிஸ்தவர்கள் முத்தை நம்பிக்கையின் அடையாளமாக்கிப் பாடல் பாடினார்கள். கிரேக்கத் திருச்சபையில் திருவிருந்து அப்பத்தின் துணுக்குக்கே முத்து என்று பெயர். ரோமாபுரிப் பெண்கள் காதில் ஆடியது இப்படிக் கோயிலுக்குள் வந்து சேர்ந்தது.

இங்கேதான் பெரிய சிக்கல். மேற்கில் எண்ணற்ற மார்கரெட்டுகளுக்குப் பெயர் தந்த புனிதை, பிசிதியா நாட்டு அந்தியோகியாவைச் சேர்ந்தவள். ரோமப் பேரரசர் தியோக்லேசியன் காலத்துக் கன்னி, பூசாரியின் மகள், செவிலித்தாயிடம் வளர்ந்து கிறிஸ்துவை ஏற்றவள். ஆளுநன் ஆசைப்பட்டான், மறுத்தாள், சிறையில் போட்டான். அங்கே ஒரு பறவைநாகம் அவளை விழுங்க, அதன் வயிற்றைக் கிழித்துக்கொண்டு முழுசாக வெளியே வந்தாள். வயிற்றிலிருந்து சேதமில்லாமல் வந்தவள் என்பதால் பிரசவ வேதனையில் இருக்கும் பெண்கள் அவளைக் கூப்பிட்டார்கள். இதெல்லாம் லத்தீன் உலகத்துக் கதை. அதே கதை, அதே ஊர், அதே ஆளுநன் ஒலிப்ரியஸ். ஆனால் கிரேக்கர் அவளை மர்கரீத்தா என்று சொல்வதே இல்லை. அவர்களுக்கு அவள் மரீனா. மேற்கில் ஜூலை 20, கிழக்கில் ஜூலை 17. கிரேக்கத் திருவோவியங்களில் நாகத்தைவிட அதிகம் தென்படுவது வேறொன்று: மரீனா ஒரு கையால் பிசாசின் தலைமயிரைப் பிடித்து, மறு கையில் சுத்தியலை ஓங்கியிருப்பாள். ஏதென்ஸில் தீசியோ பகுதியில், நிம்ஃபுகளின் குன்றின்மேல் அவளுக்குக் கோயில் இருக்கிறது. அருகே வழவழப்பான பாறை. கர்ப்பிணிகளும் பிள்ளை வேண்டுவோரும் அதில் சறுக்கி இறங்கும் வழக்கம் முன்பு இருந்தது. புனிதையின் பெயர் மாறினாலும் வேலை மாறவில்லை.

மரீனா எப்படி மர்கரீத்தா ஆனாள்? மரீனா என்றால் லத்தீனில் கடலுக்குரியவள். கடலுக்குரியவள் என்பதைக் கிரேக்கத்தில் சொன்னால் பெலாகியா. பெலாகியா என்ற பெயரில் இன்னொரு புனிதை உண்டு. சிரியாவின் அந்தியோகியாவில் நடிகை. ஊரே மயங்கிய அழகி. உடம்பெல்லாம் முத்தாக அவள் பூட்டிக்கொள்வதைப் பார்த்து ஊரார் வைத்த பெயர் மர்கரித்தோ, அதாவது முத்தம்மா. ஒரு நாள் அவள் பரிவாரத்தோடு கடந்து போகும்போது ஆயர்கள் எல்லோரும் முகத்தைத் திருப்பிக்கொள்ள, நொன்னஸ் என்ற ஆயர் மட்டும் கண் எடுக்காமல் பார்த்தார். பிறகு அழுதார்: இவள் காதலர்களுக்காக எடுத்துக்கொள்ளும் சிரத்தையில் கொஞ்சமாவது நாம் கடவுளுக்காக எடுத்துக்கொண்டோமா என்று. பின்னால் அவள் மனம் திரும்பி, ஆண் உடையில் ஒலிவ மலையில் துறவியாக வாழ்ந்தாள். இறந்த பிறகே பெண் என்று தெரிந்தது. ஆண் உடையில் மடத்தில் வாழ்ந்த மரீனா என்று மூன்றாவது ஒருத்தியும் இருக்கிறாள்! இரண்டு அந்தியோகியா, இரண்டு மரீனா, கடல் பெயரில் ஒருத்தி, முத்துப் பெயரில் ஒருத்தி. கதைகள் வாய்வழி போகும்போது இந்தப் பெயர்கள் ஒன்றின் இடத்தில் ஒன்று உட்காருவதில் வியப்பில்லை.

இந்தக் குழப்பத்தைப் பார்த்து ஜெர்மானிய அறிஞர் ஹெர்மன் உசனர் 1879-இல் ஒரு துணிச்சலான முடிவு சொன்னார்: பெலாகியா, மரீனா, மர்கரீத்தா எல்லோரும் ஒருத்தியே, கடலில் பிறந்த அஃப்ரோதீத்தே தேவிதான் புனிதை வேடத்தில் நிற்கிறாள். அஃப்ரோதீத்தேவுக்குப் பெலாகியா என்ற அடைமொழியும் இருந்தது, முத்தும் அவளுக்கு உகந்தது. புனிதர் வரலாறுகளைத் தம் வாழ்நாள் வேலையாகக் கொண்ட பெல்ஜிய நாட்டு இயேசு சபைத் துறவி இப்பொலித் தெலஹே இதை ஒப்பவில்லை. பெயர் ஒன்றாக இருப்பதால் ஆள் ஒன்றாகிவிடாது. கடல்சார்ந்த பெயர்கள் அந்தக் காலத்தில் எளிய வீட்டுப் பெண்களுக்கும் இருந்தன. கதை சொல்பவர்கள் ஒரு கதையின் துணியை இன்னொன்றுக்குத் தைத்துப் போட்டார்கள், அவ்வளவே என்பது அவர் வாதம். எனக்குத் தெலஹே சொல்வதே சரியாகப் படுகிறது. நம் ஊரில் முத்துமாரி என்று பெயருள்ள பெண்ணெல்லாம் அம்மனின் மறுவேடமா என்ன? ஆனாலும் உசனரின் புத்தகம் சுவையான தவறு. சரியானவற்றைவிடச் சில நேரம் அதிகம் யோசிக்க வைக்கும்.

கத்தோலிக்கத் திருச்சபை 1969-இல் பொது நாட்காட்டியைத் திருத்தியபோது, வரலாற்று ஆதாரம் போதாது என்று அந்தியோகியா மார்கரெட்டின் திருநாளை எடுத்துவிட்டது. ழான் தார்க்கிடம் குரலாகப் பேசிய புனிதைகளில் ஒருத்தி அவள் என்பதும் அதைத் தடுக்கவில்லை.

சரி, மரீனாவைத் தனியாகக் கொண்டாடும் கிரேக்கத்தில் மர்கரீத்தாவுக்கு எந்த நாள்? பிறந்தநாளைவிடப் பெயர்நாளைப் பெரிதாக நினைக்கும் நாடு அது. அன்றைக்கு வீட்டுக் கதவு திறந்திருக்கும், வருகிறவர்களுக்கு இனிப்பு, ‘பல்லாண்டு’ என்று வாழ்த்து. மர்கரீத்தாவுக்கு அது செப்டம்பர் 1. அன்று நினைவுகூரப்படும் நாற்பது கன்னி மறைசாட்சிகளின் பட்டியலைப் பாருங்கள்: சாஃபோ, கிளியோபாத்ரா, பெனெலொபே, அஸ்பாசியா, பண்டோரா, கலைத்தேவியரில் கிளியோவும் தாலியாவும் தெர்ப்சிகொரேயும், அஃப்ரோதீத்தேயும்கூட! கோயிலுக்குள் விட முடியாத பழம்பெயர்களையெல்லாம் ஒரே நாளில் வரிசையாக உட்கார வைத்தது போல. அவர்களுக்கு நடுவே பவளத்தின் பெயர் கொண்ட கொராலியாவும் முத்தின் பெயர் கொண்ட மர்கரீத்தாவும். உசனர் தேடிய அஃப்ரோதீத்தே, மர்கரீத்தாவின் வேடத்தில் அல்ல, அதே பட்டியலில் தன் சொந்தப் பெயரோடு இருக்கிறாள்.

பெயர் அங்கே வாழ்வது பாட்டி வழியாக. முதல் பெண்குழந்தைக்குப் பெரும்பாலும் அப்பாவின் அம்மா பெயர். கார்பாதோஸ் போன்ற தீவுகளில் மூத்த மகளுக்கு அம்மாவின் அம்மா பெயர், அதோடு வீடும் நிலமும். தாத்தா பெயரைத் தாங்குபவன் பெயரன், அதுவே பேரன். பேத்தியும் அப்படியே என்று உறவுச்சொல்லிலேயே இதைப் பொதிந்து வைத்திருக்கும் நமக்கு விளக்கம் வேண்டாம். பாட்டி மர்கரோ, பேத்தி மர்கரீத்தா, ரீத்தா, வடக்கே மர்கூதி. மிகிஸ் தியோதோராகிஸ் இசையமைத்த ‘மர்கரீத்தா மர்கரோ’ என்ற பாட்டில் நகரத்து வடிவமும் கிராமத்து வடிவமும் அடுத்தடுத்து நிற்கின்றன.

மற்ற மொழிச் சகோதரிகளை எண்ணத் தொடங்கினால் இடம் போதாது. எபிரேயத்தில் மர்கலித், ஆர்மேனியத்தில் மர்கரித், கதேயின் ஃபாஸ்டில் கிரெட்சென், புல்ககோவின் நாவலில் மர்கரீத்தா. பெகி என்பதும் மார்கரெட்தான் என்றால் முதலில் யாரும் நம்பமாட்டார்கள். பிரெஞ்சு வேதியியலார் செவ்ரூல் 1813-இல் கொழுப்பிலிருந்து எடுத்த ஒரு பொருளின் முத்துப் பளபளப்பைப் பார்த்து மர்காரிக் அமிலம் என்று பெயரிட்டார். அதன் வாரிசாக மார்கரின் வந்து நம் பேக்கரி கேக்கிலும் கலந்திருக்கிறது.

ஒரு மயக்கத்தையும் தெளிவித்துவிட வேண்டும். மார்கரெட் என்று கேட்டதும் தமிழ்க் காதுக்கு மரகதம் நினைவு வரும். இரண்டுக்கும் உறவில்லை. மரகதத்துக்குக் கிரேக்கத்தில் வேறு உறவுக்காரி இருக்கிறாள்: ஸ்மரக்தோஸ் என்ற கல், அதிலிருந்து ஸ்மரக்தா, செல்லமாக ஸ்மாரோ என்ற பெண்பெயர்கள். வடமொழியின் மரகதம் மேற்கிலிருந்து கல்லோடு வந்த சொல் என்றே பலர் கருதுகிறார்கள். முத்து இங்கிருந்து போன கப்பலில் ஒருவேளை மரகதமும் அதன் பெயரும் திரும்பி வந்திருக்கலாம்.

மார்கரெட் நம்மிடம் வந்தது நெடுநாள் கழித்து, இரண்டு வழியில். அயர்லாந்திலிருந்து வந்த மார்கரெட் நோபிள் 1898-இல் நிவேதிதையானார். பாரதி தம் ‘ஸ்வதேச கீதங்க’ளை அவருக்குக் காணிக்கையாக்கினார். அடையாறில் வாழ்ந்து இந்திய மாதர் சங்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான மார்கரெட் கசின்ஸும் அயர்லாந்துக்காரர்தான். 1919-இல் மதனப்பள்ளியில் ‘ஜன கண மன’ மெட்டை இசைக்குறிப்பாக எழுதி வைத்தவர். இன்னொரு வழி அதற்கும் முந்தியது. 1530-களில் முத்துக்குளித்துறைப் பரதவர் கத்தோலிக்கம் தழுவினார்கள். போர்த்துக்கீசியர் வாயிலாகப் புனிதர் பெயர்கள் கரை ஏறின. தலைமுறை தலைமுறையாகச் சலாபத்தில், அதாவது முத்துக்குளிப்பில், மூழ்கி எழுந்த வீடுகளில் மார்கரெட் என்று பெண்ணுக்குப் பெயர் வைத்தபோது, அது முத்து என்று எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்? பக்கத்து வீட்டில் முத்தம்மாள் இருந்திருப்பாள்.

தூத்துக்குடிச் சலாபம் 1961-க்குப் பிறகு நடக்கவில்லை. மார்கரெட் என்ற பெயரும் அங்கே இப்போது பாட்டிமார் பெயர். ரீட்டா மட்டும் நிற்கிறாள். அது இத்தாலியின் காஷியா ஊர்ப் புனிதையின் பெயர். 1457-இல் இறந்த அவளுக்கு ஞானஸ்நானத்தில் வைத்தது மர்கெரீத்தா. அதன் வாலைப் பிடித்துக் கூப்பிட்டது ரீட்டா. சிப்பியைக் குறித்ததாகச் சொல்லும் அந்தப் பழைய ஈரானியத் தலை ஏறக்குறைய முழுக்க உதிர்ந்துவிட்டது. கல்லுக்குக் கிரேக்கர் ஒட்டிய விகுதியும், அதற்கு முன்னால் தொற்றிக்கொண்டிருந்த ஒரு ரகரமும்தான் மிச்சம்.